நிலையம் இல்லாத நிலையம்: குண்டளைப் பள்ளத்தாக்கு இருப்புப்பாதையும் மதுரைச் சமவெளியும்

முன்னுரை

போடிநாயக்கனூருக்கு மேற்கே, தமிழகமும் கேரளமும் எல்லை பகிர்ந்துகொள்ளும் மலைமுகட்டில் ‘டாப் ஸ்டேஷன்’ என்றோர் ஊர் உண்டு. கடல்மட்டத்திலிருந்து 1,700 மீட்டருக்கு மேற்பட்ட உயரம். அங்கு நின்று கிழக்கே நோக்கினால் கொட்டகுடிப் பள்ளத்தாக்கும் அதற்கப்பால் தேனிச் சமவெளியும் விரிந்து கிடக்கும். ஊர்ப்பெயரில் ‘ஸ்டேஷன்’ இருக்கிறது. ஊரில் புகைவண்டி நிலையம் இல்லை. தண்டவாளம் இல்லை; மணியோசை இல்லை. அவ்வாறாயின் இப்பெயர் எங்கிருந்து வந்தது?

ஊர்ப்பெயர்களை ஆராய்வோர், மறைந்துபோன குளத்தையும் கோட்டையையும் பெயரைக் கொண்டே மீட்டெடுப்பர். இப்பெயரும் அத்தகையதே. ஒரு காலத்தில் மூணாற்றிலிருந்து இம்முகடு வரை தேயிலை சுமந்த சிறிய இருப்புப்பாதை ஒன்று இருந்தது. அது 1924-ஆம் ஆண்டு வெள்ளத்தில் அழிந்தது. பெயர் மட்டும் நின்றது. அந்தத் தொழிலக இருப்புப்பாதையின் வரலாற்றையும், அதனோடு மதுரைச் சமவெளி கொண்டிருந்த உறவையும் காண்பது இக்கட்டுரையின் நோக்கமாகும்.

சுமைக்காகப் பிறந்த புகைவண்டி

புகைவண்டி என்றதும் பயணிகளே நம் நினைவுக்கு வருவர். ஆயின், வரலாறு வேறுவிதமாக அமைந்துள்ளது. புகைவண்டி முதலில் சுமைக்காகவே பிறந்தது. மனிதர் பின்னரே அதில் ஏறினர்.

1804-ஆம் ஆண்டு பிப்ரவரி 21-ஆம் நாள், வேல்சு நாட்டின் பெனிடாரன் இரும்பாலையில் ரிச்சர்டு டிரெவிதிக் என்பார் அமைத்த நீராவி எந்திரம் 10 டன் இரும்பையும் எழுபது ஆட்களையும் இழுத்துக்கொண்டு தண்டவாளத்தின்மேல் சென்றது. அந்த எந்திரத்தின் பளுவைத் தாங்கமாட்டாமல் வார்ப்பிரும்புத் தகடுகள் உடைந்தன என்பதும் குறிப்பிடத்தக்கது. 1825-இல் திறக்கப்பெற்ற ஸ்டாக்டன் – டார்லிங்டன் பாதையும் நிலக்கரியை மனத்திற்கொண்டே போடப்பட்டதாகும்.

இந்தியாவிலும் இதே வரிசைதான். பம்பாயிலிருந்து தாணாவுக்கு 1853 ஏப்ரல் 16-இல் ஓடிய பயணிகள் வண்டியையே நாம் முதல் புகைவண்டி என்று படிக்கிறோம். அதற்குப் பல ஆண்டுகளுக்கு முன்பே, 1830-களின் பிற்பாதியில், சென்னைக்கு அருகிலுள்ள செங்குன்றத்திலிருந்து சாலை போடுவதற்கான செம்பாறைக் கல்லைச் சிந்தாதிரிப்பேட்டைப் பக்கம் கொண்டுவர ஓர் இருப்புப்பாதை அமைந்தது. அப்பணியில் பொறியாளர் ஆர்தர் காட்டன் ஈடுபட்டிருந்தார். 1851-இல் ரூர்க்கியை அடுத்த சோலானி ஆற்றின்மேல் கங்கைக் கால்வாய்க்கான நீர்ப்பாலம் கட்டியபோது மண் சுமக்க நீராவி எந்திரம் ஒன்று பயன்பட்டது. கல்லும் மண்ணும் இரும்பும் நிலக்கரியுமே புகைவண்டியின் முதற் பயணிகள் எனலாம்.

ஆலை, சுரங்கம், தோட்டம், துறைமுகம் ஆகியவற்றின் சுமைக்கென்றே போடப்படும் பாதையைத் தொழிலக இருப்புப்பாதை என்பர். அது நாட்டின் பெரும்பாதைகளைப்போல் ஊர்களை இணைப்பதன்று. ஒரு பண்டத்தை விளைவிடத்திலிருந்து அடுத்த துறைக்குச் சேர்ப்பது. குண்டளைப் பாதை இவ்வகையைச் சார்ந்தது.

மலையில் விளைந்த சிக்கல்

1877-ஆம் ஆண்டில் ஜான் டேனியல் மன்றோ என்னும் ஆங்கிலேயர் பூஞ்ஞாறு அரசரிடமிருந்து கண்ணன் தேவன் மலைப்பகுதியைக் குத்தகையாகப் பெற்றார். தொடக்கத்தில் காப்பி, சின்கோனா முதலிய பயிர்களும் இடப்பெற்றன. காலப்போக்கில் தேயிலையே நிலைத்தது. ஸ்காட்லாந்தைச் சேர்ந்த பின்லே நிறுவனத்தார் இம்மலையில் கால்பதித்து, 1897-இல் கண்ணன் தேவன் மலை விளைபொருள் கம்பெனியை ஏற்படுத்தினர்.

தேயிலை விளைந்தது, அதை விற்கும் சந்தையோ இலண்டனில் இருந்தது. கப்பல் ஏற்ற வேண்டிய துறைமுகம் தூத்துக்குடி. திருச்சிராப்பள்ளியிலிருந்து மதுரைக்கு 1875-இலும், மதுரையிலிருந்து தூத்துக்குடிக்கு அதனை அடுத்தும் இருப்புப்பாதை வந்துவிட்டது. அப்பாதையில் மலைக்கு வாய்ப்பாக இருந்த நிலையம் அம்மையநாயக்கனூர். இன்று அது ‘கொடைக்கானல் ரோடு’ எனப்படுகிறது. மலைத்தோட்டத்துக்கும் அந்த நிலையத்துக்கும் இடையே மேடும் பள்ளமுமான மலைவழி, செங்குத்தான சரிவு, பின்னர் நீண்ட சமவெளிச் சாலை என மூன்று தடைகள் இருந்தன. தலைச்சுமையும் பொதிமாடும் ஓரளவே உதவின. விளைச்சல் பெருகப் பெருக, சுமக்கும் வழி குறுகியது. இந்த நெருக்கடியே இருப்புப்பாதைக்கு வித்திட்டது.

ஒற்றைத் தண்டவாளம்

1902-ஆம் ஆண்டில் மூணாற்றுக்கும் டாப் ஸ்டேஷனுக்கும் இடையே குண்டளைப் பள்ளத்தாக்கின் வழியே முதற்பாதை அமைந்தது. அது நாம் அறிந்த இரட்டைத் தண்டவாளம் அன்று, ஒற்றைத் தண்டவாளம். யூவிங் முறை எனப்படும் அதன் அமைப்பு எளிமையானது. வண்டியின் சிறு சக்கரங்கள் ஒரே தண்டவாளத்தின்மேல் உருளும். பக்கவாட்டில் நீண்ட பெரிய சக்கரம் ஒன்று சாலையின்மேல் உருண்டு, வண்டி சாயாமல் தாங்கும். சுமையின் மிகப் பெரும்பகுதியைத் தண்டவாளமே ஏற்கும். பக்கச் சக்கரம் சமநிலைக்கு மட்டுமே. இவ்வண்டிகளை மாடுகள் இழுத்தன.

இதன் பயன் யாது? மண்சாலையில் உருளும் சக்கரம் ஒவ்வோர் அடியிலும் மண்ணை அமுக்கிப் புதைந்து எழ வேண்டும். இரும்பின்மேல் உருளும் இரும்புச் சக்கரத்திற்கு அத்தடை இல்லை. ஆகவே, அதே மாடு பன்மடங்கு சுமையை இழுக்க இயலும். இரண்டுக்குப் பதிலாக ஒரே தண்டவாளம் போதும் என்பதால் செலவும் குறைவு.

இந்திய நாட்டில் இம்முறையில் அமைந்த மற்றொரு பாதை பாட்டியாலா சமஸ்தானத்தில் 1907 முதல் 1927 வரை ஓடியது. அதற்கெனச் செருமானிய நாட்டு ஓரன்ஸ்டைன் – கோப்பல் நிறுவனம் செய்தளித்த நீராவி எந்திரங்களுள் ஒன்று செப்பனிடப்பெற்றுப் புதுதில்லி தேசிய இரயில் அருங்காட்சியகத்தில் பாதுகாக்கப்படுகிறது. யூவிங் முறையைக் கண்ணால் காண விரும்பும் மாணவர் அங்கே காணலாம். பாட்டியாலாவுக்கு முன்பே அது நம் மேற்கு மலையில் ஓடியது என்பது நினைவிற்கொள்ளத்தக்கது.

இரண்டடி இருப்புப்பாதையும் நீராவி எந்திரமும்

1908-ஆம் ஆண்டில் ஒற்றைத் தண்டவாளம் அகற்றப்பெற்று, இரண்டடி அகலமுள்ள, அதாவது 610 மில்லிமீட்டர் அகலமுள்ள, குறும்பாதை அமைக்கப்பெற்றது. எடை குறைந்த நீராவி எந்திரங்களும் பாதைக்குரிய தளவாடங்களும் இங்கிலாந்திலிருந்து வரவழைக்கப்பட்டன. மூணாறு, மாட்டுப்பட்டி, பாலாறு, டாப் ஸ்டேஷன் என்பன அதன் நிலையங்கள். நீளம் 30 கிலோமீட்டருக்குச் சற்று மேல்.

அகலப்பாதையின் அளவு 1,676 மில்லிமீட்டர். மீட்டர் பாதையின் அளவு 1,000 மில்லிமீட்டர். இவை இருக்க, இரண்டடிப் பாதையை ஏன் தேர்ந்தனர்? மலையில் பாதை பாறையை அணைத்து வளைந்து வளைந்தே செல்ல வேண்டும். அகலம் குறையக் குறைய, வண்டி கூரிய வளைவிலும் திரும்பும். பாறையை வெட்டும் அளவு குறையும், பாலமும் சிறிதாகும், செலவு சுருங்கும். 1881-இல் முடிந்த டார்ஜிலிங் மலைப்பாதையும், 1907-இல் ஓடத் தொடங்கிய மாதேரான் மலைப்பாதையும் இதே அகலத்தில் அமைந்தவையே.

நீராவி எந்திரம் இயங்கும் முறையை மாணவர் பொருட்டுச் சுருக்கமாகக் கூறுவோம். நெருப்பறையில் எழும் வெப்பம் குழாய்கள் வழியே சென்று கொதிகலனிலுள்ள நீரை ஆவியாக்குகிறது. அடைபட்ட ஆவி விரிய முயல்கிறது. அதனை உருளைக்குள் முன்னும் பின்னுமாகச் செலுத்தினால், உள்ளிருக்கும் உந்துதண்டு முன்பின்னாக அசையும். அதனோடு பிணைத்த தண்டு சக்கரத்தைச் சுழற்றும். சக்கரம் வழுக்காமல் பற்றிச் செல்ல எந்திரத்தின் எடை உதவுகிறது. எடை மிகுந்தால் பிடிப்பு மிகும். ஆனால் மெல்லிய தண்டவாளம் தாங்காது. எடை குறைந்தால் தண்டவாளம் பிழைக்கும். ஆனால் ஏற்றத்தில் சக்கரம் வழுக்கும். டிரெவிதிக் 1804-இல் கண்ட சிக்கலும் இதுவே. தொழிலக எந்திரம் செய்வோரின் திறமையெல்லாம் இவ்விரண்டுக்கும் இடையே நடுநிலை காண்பதில் அடங்கியிருந்தது. அதனாலேயே இத்தகைய பாதைகளில் ஓடிய எந்திரங்களுட் பெரும்பாலானவை, நீருக்கெனத் தனி வண்டி இழுக்காமல், தண்ணீர்த் தொட்டியைத் தம் உடலிலேயே சுமந்த சிற்றெந்திரங்களாக அமைந்தன.

வடம் வழி இறங்கிய தேயிலை

டாப் ஸ்டேஷன் வரை வந்த தேயிலைப் பெட்டிகள் அங்கிருந்து எவ்வாறு இறங்கின? முகட்டின் கிழக்குப் புறம் செங்குத்தான சரிவு. அவ்விடத்தில் இருப்புப்பாதை இயலாது. எனவே கம்பிவடம் கட்டினர். பழனி மலையில் கம்பிவட ஊர்தியில் சென்றோர்க்கு இதன் அமைப்பு எளிதில் விளங்கும். தூண்களின்மேல் செல்லும் வடத்தில் தொங்கியவாறு சுமைகள் ஏறத்தாழ 5 கிலோமீட்டர் கீழே இறங்கிக் கொட்டகுடியை அடைந்தன. மேல் முனை ‘டாப் ஸ்டேஷன்’ எனவும், கீழ் முனை ‘பாட்டம் ஸ்டேஷன்’ எனவும் பெயர்பெற்றன. ஊர்ப்பெயரின் பொருள் இப்போது விளங்கும். அது இருப்புப்பாதையும் கம்பிவடமும் கைமாறிய இடத்தின் பெயர்.

கொட்டகுடியிலிருந்து போடி வரை 15 கிலோமீட்டர் தொலைவு மாட்டுவண்டி. அக்காலத்தில் போடிக்கு இருப்புப்பாதை இல்லை. ஆகவே பெரியகுளம், வத்தலக்குண்டு வழியாக அம்மையநாயக்கனூர் வரை, 70 கிலோமீட்டருக்குக் குறையாத வழியையும் சாலையிலேயே கடக்க வேண்டியிருந்தது. அதன்பின் மீட்டர் பாதையில் மதுரை; மதுரையிலிருந்து தூத்துக்குடி; அங்கிருந்து கப்பல்.

மலையில் எந்திரம், சரிவில் வடம், சமவெளியில் மாடு, மீண்டும் எந்திரம், கடலில் கப்பல் என்ற இந்தச் சங்கிலியில் வலிமை குறைந்த கண்ணி எது? மலையன்று, சமவெளியே. பெரும்பொருள் செலவிட்டு மலைமுகட்டில் புகைவண்டி ஓட்டிய காலத்தில், அடிவாரத்துச் சமவெளி மாட்டுவண்டியை நம்பியிருந்தது. தோட்ட முதலாளிகள் தமக்கு வேண்டிய இடத்தில் பாதை போட்டுக்கொண்டனர். சமவெளி மக்களுக்கு வேண்டிய பாதை காத்திருந்தது. தொழிலக இருப்புப்பாதையின் இயல்பை இவ்வேறுபாடு நன்கு காட்டுகிறது. அது பண்டத்திற்கு விரைந்து வழிவிடும். மக்களுக்கு வழிவிட வேண்டிய கடப்பாடு அதற்கு இல்லை.

மேலேறிய அரிசியும் மனிதரும்

தேயிலை இறங்கிய வழியிலேயே அரிசியும் பிற பண்டங்களும் மேலேறின. மலையில் நெல் விளைவிக்கவில்லை. உழைப்போரின் உணவு கம்பம் பள்ளத்தாக்கு முதலிய சமவெளிகளிலிருந்தே சென்றது. பண்டங்களைப் போலவே மனிதரும் சென்றனர். அன்றைய மதுரை, திருநெல்வேலி, இராமநாதபுரம் மாவட்டங்களின் வறண்ட ஊர்களிலிருந்து கங்காணிகள் முன்பணம் கொடுத்துக் குடும்பங்களை மலைக்கு அழைத்துச் சென்றனர். அந்த முன்பணமே பலருக்குக் கால்விலங்காயிற்று. பண்டங்கள் வடத்தில் தொங்கிச் செல்ல, மனிதர் கொட்டகுடி, குரங்கணி வழியாக நடந்தே மலையேறினர்.

மலை வணிகத்தில் போடி, கம்பம், உத்தமபாளையம் பகுதிகளின் பல சமூகத்தாரும் பங்கு கொண்டனர். ஏலம், மிளகு, காப்பி வணிகத்தில் இராவுத்தர் குடும்பங்களின் இடம் நம் பெரியோர் நன்கறிந்ததே. ‘இராவுத்தர்’ என்னும் சொல்லே குதிரை வீரரைக் குறிப்பது. குதிரை வழியில் தொடங்கிய ஒரு மரபு, மலைவழி வணிகத்திலும் தொடர்ந்தது பொருத்தமே.

திருமறையின் 57-ஆம் அத்தியாயம் ‘அல் ஹதீத்’, அதாவது ‘இரும்பு’ என்னும் பெயர் பெற்றது. இரும்பின் வலிமையும் அதனால் மாந்தர்க்கு விளையும் பயனும் நம் சிந்தனைக்குரியவை என்பதை அப்பெயர் நினைவூட்டுகிறது. உழைப்பவரின் கூலியைத் தாழ்த்தாது தரவேண்டும் என்று வற்புறுத்தியவர் நபிகள் நாயகம் (ஸல்) அவர்கள். இவ்விரண்டையும் சேர்த்து எண்ணினால், இரும்புப்பாதையின் வரலாற்றை எந்திரத்தின் வரலாறாக மட்டும் எழுதுதல் நிறைவாகாது என்பது புலனாகும். சுமை ஏற்றிய தோளும், மாடு ஓட்டிய கையும், பாதைக்கு மண் வெட்டிய கையும் அதில் இடம்பெற வேண்டும். நமக்குக் கிடைக்கும் குறிப்புகளிற் பெரும்பாலானவை தோட்ட நிறுவனத்தாரின் பார்வையில் எழுதப்பட்டவை. தொழிலாளியின் பார்வையிலான குறிப்பு நம் பக்கத்திலிருந்தே வர வேண்டும்.

வெள்ளமும் பாதை மாற்றமும்

1924-ஆம் ஆண்டு சூலை மாதம் கேரளப் பகுதியெங்கும் பெருமழை பெய்தது. கொல்லம் ஆண்டு 1099-இல் நிகழ்ந்ததால் மலையாள மக்கள் அதனைத் ‘தொண்ணூற்றொன்பதின் வெள்ளம்’ என்று இன்றும் குறிப்பர். மண்சரிவும் வெள்ளமும் மூணாற்றைச் சிதைத்தன. குண்டளைப் பாதையும் பாலங்களும் அடித்துச் செல்லப்பட்டன. பதினாறு ஆண்டுகள் ஓடிய நீராவி வண்டி மீண்டும் ஓடவில்லை. அப்பாதையைத் திரும்ப அமைக்கும் எண்ணத்தை நிறுவனம் கைவிட்டது.

நான்கே ஆண்டுகள் கழித்து, 1928-இல், மதுரையிலிருந்து போடிக்கு இருப்புப்பாதை வந்தது! மலையில் பாதை இருந்தபோது அடிவாரத்தில் இல்லை. அடிவாரத்தில் வந்தபோது மலையில் இல்லை. இரண்டும் ஒரே காலத்தில் இருந்திருந்தால் போடி, தேனிப் பகுதிகளின் வணிகம் வேறுவிதமாக வளர்ந்திருக்கக் கூடும். 1935-இல் பெரியாற்றின்மேல் நேரியமங்கலம் பாலம் திறக்கப்பட்டதும் மேற்கே கொச்சித் துறைமுகத்துக்குச் சாலைவழி எளிதாயிற்று. மூணாற்றின் தேயிலை மெல்ல முகம் திருப்பியது. கிழக்கு வழி தேய்ந்தது.

போடிப் பாதையின் கதையும் இடர் நிறைந்ததே. இரண்டாம் உலகப்போரின்போது 1942-இல் அது மூடப்பெற்றுத் தண்டவாளங்கள் அகற்றப்பட்டன. 1950-களின் முற்பாதியில் மீண்டும் போடப்பட்டது. அகலப்பாதையாக்கும் பணிக்காக 2010-ஆம் ஆண்டின் இறுதியில் மீட்டர் பாதை வண்டி நிறுத்தப்பட்டது. மதுரை – தேனி அகலப்பாதையில் 2022 மே மாதத்திலும், போடி வரை 2023 சூன் மாதத்திலும் வண்டிகள் ஓடத் தொடங்கின. பன்னிரண்டு ஆண்டுகளுக்கு மேலாகப் போடி மக்கள் வண்டிக்காகக் காத்திருந்தனர். மக்களுக்கான பாதை காத்திருக்க வேண்டியதாகவே இருக்கிறது என்பதற்கு இது மற்றொரு சான்று.

மலையின் துயரமும் 1924-ஓடு முடியவில்லை. 2020 ஆகஸ்டு 6-ஆம் நாள் இரவு மூணாற்றை அடுத்த பெட்டிமுடியில் நிகழ்ந்த மண்சரிவில் தோட்டத் தொழிலாளர் குடியிருப்புகள் புதையுண்டு எழுபது பேர் மாண்டனர். அவர்கள் தமிழ்க் குடும்பத்தினர். மலைக்கும் சமவெளிக்கும் உள்ள உறவு பழங்கதையன்று. இன்றும் நம் இல்லங்களில் துக்கமாக வந்து சேரும் உறவு.

எஞ்சியவை

மூணாற்று இருப்புப்பாதை நிலையக் கட்டடம் பின்னர்த் தேயிலை நிறுவனத்தின் அலுவலகமாயிற்று. நல்லதண்ணித் தோட்டத்திலுள்ள தேயிலை அருங்காட்சியகத்தில் இப்பாதையின் எந்திரச் சக்கரம் ஒன்று வைக்கப்பட்டுள்ளது. பாதை சென்ற வழித்தடத்தின் பல பகுதிகள் சாலையாகிவிட்டன. இவற்றோடு ‘டாப் ஸ்டேஷன்’ என்னும் பெயரும் எஞ்சியது. சக்கரத்தைக் காக்க அருங்காட்சியகம் உண்டு. பெயரையும் நினைவையும் காக்க மொழித்துறைதான் உண்டு.

தமிழ் பயிலும் மாணவர் இங்குச் செய்யத்தக்க பணிகள் மூன்று. முதலாவது, போடி, குரங்கணி, கொட்டகுடி ஊர்களிலும் மூணாற்றுத் தோட்டங்களிலும் வாழும் முதியோரிடம் தம் பாட்டன், பாட்டியர் மலையேறிய கதையைக் கேட்டு, ஊரும் நாளும் குறித்துப் பதிவு செய்தல். இரண்டாவது, தோட்டத் தமிழில் வழங்கும் வண்டி, வடம், சுமை தொடர்பான சொற்களையும் ஊர்ப்பெயர்களையும் தொகுத்தல். மூன்றாவது, வணிகக் குடும்பங்களின் பழைய கணக்கேடுகளையும் கடிதங்களையும் அழியாமல் படியெடுத்தல். பரணில் கிடக்கும் ஒரு கணக்கேடு, எந்த நாளில் எத்தனை வண்டி சரக்கு எவ்வூருக்குச் சென்றது என்பதைச் சொல்லக்கூடும். சமுதாயப் பெரியோர் அவற்றைக் கரையானுக்கு விடாமல் மாணவர் கையில் தந்து உதவ வேண்டும்.

முடிவுரை

டாப் ஸ்டேஷன் முகட்டின் மேற்கே பெய்யும் மழை பெரியாற்றைச் சேர்கிறது. கிழக்கே பெய்யும் மழை கொட்டகுடி ஆறாகி, வைகையிற் கலந்து, மதுரைக்கு வருகிறது. அம்முகட்டில் ஒரு காலத்தில் மேற்கிலிருந்து வந்த இருப்புப்பாதையும் கிழக்கே இறங்கிய வடமும் கைகோத்தன. அவ்விரண்டும் மறைந்தன. அவற்றைப் போட்டவர் பெயர் நூல்களில் உண்டு. அவற்றால் உழைத்தவர் பெயர் நம் குடும்பங்களின் நினைவில் உண்டு. அந்நினைவும் முதியோரோடு மறையுமுன் ஏட்டில் ஏற்றுதல் நம் கடமை. ஒற்றைச் சக்கரத்தைப் பாதுகாப்பதினும் அது கடினமான பணி. எனினும், அதற்குப் பெரும்பொருள் வேண்டுவதில்லை. ஒரு குறிப்பேடும் பொறுமையாகக் கேட்கும் செவியும் போதும். அப்பணிக்கு வல்ல இறைவன் துணை நிற்பானாக.